கதையில் காதல் நம்பும்படி அமைய

கதை எழுத வரும் நம் பிள்ளைகள் முதலில் தொடுவது காதலைத்தான். கண்டதும் காதல், நாலு வரி வர்ணனை, கடைசியில் கண்ணீர். படிக்கிறவரோ, "இப்படியெல்லாம் நடக்குமாக்கும்!" என்று பக்கத்தைப் புரட்டிவிடுகிறார். குறை எங்கே?

தொல்காப்பியர் அகப்பாட்டுக்கு முதல், கரு, உரி என மூன்றை வகுத்தார். முதல் என்பது நிலமும் பொழுதும். கரு என்பது அந்நிலத்து உணவு, தொழில், பறவை முதலியன. உரி என்பதே காதல் உணர்வு. அகத்திணை மாந்தருக்குப் பெயர் சுட்டக் கூடாது என்பதும் மரபு. ஆனாலும் குறுந்தொகைக் காதலர் இன்றும் உயிரோடு நிற்கிறார்கள். அவர்களுக்கு ஊர் உண்டு, வேளை உண்டு, தோழி உண்டு, அலர் பேச அக்கம்பக்கமும் உண்டு.

இதை மும்பைக்குப் பொருத்திப் பாருங்கள். தாராவியில் ஒரே அறையில் ஆறேழு பேர் படுக்கும் வீட்டில் இருவர் தனியாகப் பேச இடம் ஏது? குழாயடியில் ஒருத்தி பார்த்தால் போதும், சாயங்காலத்துக்குள் சந்து முழுக்கத் தெரிந்துவிடும். மாட்டுங்காப் பையன் செம்பூர்ப் பெண்ணைப் பார்க்க லோக்கலில் போனால் குர்லாவில் வண்டி மாறணும். தாமதமானதற்கு வீட்டில் என்ன பொய் சொன்னான்? கதை அந்தப் பொய்யில்தான் இருக்கிறது.

இன்னொன்று, இருவருக்கும் காதலைத் தவிர வேறு வாழ்க்கையும் வேண்டும். தி. ஜானகிராமனின் 'மோகமுள்' நாவலில் யமுனா, பாபுவைவிடப் பத்து வயது மூத்தவள். தாய் தஞ்சை மராத்தியர். பாபுவுக்குச் சங்கீதம், யமுனாவுக்கு வறுமையும் தட்டிப்போகும் வரன்களும். ஆசிரியர் அவசரப்படாமல் பல ஆண்டுகள் ஓடவிடுகிறார். அதனால்தான் நம்புகிறோம்.

பொருள் தேடிப் பிரிவதைப் பாலை என்றனர் முன்னோர். மனைவியைத் திருநெல்வேலியில் விட்டுவிட்டுத் தாராவிக்கு வந்து மணியார்டர் அனுப்பியவர்களின் கதையும் அதுதானே? சினிமாக் காதலை யார் வேண்டுமானாலும் எழுதலாம். இதை நாம்தான் எழுத முடியும். அந்தத் தலைமுறை மறைந்துகொண்டிருக்கிறது. ஆகவே, பிள்ளைகளே, ஆச்சியிடம் கேளுங்கள்: தாத்தாவின் கடிதம் எத்தனை நாளைக்கு ஒருமுறை வந்தது? யார் படித்துக் காட்டினார்கள்? அடுத்தவர் வாயால் கேட்க வேண்டிய கடிதத்தில் தாத்தா எதையெல்லாம் எழுதாமல் விட்டார்? அங்கிருந்து தொடங்குங்கள்.