மேலே ஒரு ரோஜா, கீழே ஒரு ரோஜா

பன்னிரண்டாம் வகுப்பு முடித்த மகள் தோட்டக்கலைப் பட்டப்படிப்பில்தான் சேருவேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறாளாம். "நாலு வருஷம் படித்துவிட்டுப் பூங்காவில் தண்ணீர் ஊற்றவா?" என்று உறவினர்கள் கேலி செய்வதாக ஒரு வாசகி எழுதியிருக்கிறார். தண்ணீர் ஊற்றுவதும் அந்த வேலையில் உண்டு. எப்போது ஊற்றக்கூடாது என்று தெரிந்துகொள்ளத்தான் அந்த நாலு வருஷம்.

உதகை அரசு ரோஜாப் பூங்காவை எடுத்துக்கொள்வோம். நூறாவது மலர்க்காட்சியின் நினைவாக 1995இல் எல்க் மலைச் சரிவில் அமைத்தார்கள். ஏறக்குறைய பத்து ஏக்கர், ஆயிரக்கணக்கான ரகங்கள். உலக ரோஜா சங்கங்களின் கூட்டமைப்பு 2006இல் ஜப்பானின் ஒசாகாவில் இதற்குச் சிறந்த பூங்கா விருது வழங்கியது. நமக்கு மே மாதம் என்றால் சீசன். பூங்காவைக் கவனிக்கும் தோட்டக்கலை அலுவலருக்கோ அது கெடு. அதிலிருந்து பின்னோக்கி எண்ணிக் கவாத்துக்கு நாள் குறிப்பார். சமவெளியில் கவாத்து செய்த ஒன்றரை மாதத்தில் ரோஜா பூத்துவிடும். மலைக்குளிரில் இன்னும் நாளாகும். ஆகவே ஜனவரி வாக்கிலேயே கத்தரிக்கோல் இறங்கிவிடும். அப்போது போகிறவர்கள் மொட்டைக் குச்சிகளைப் பார்த்துவிட்டு, டிக்கெட் காசு தண்டம் என்று முணுமுணுப்பார்கள். பிறகு கோடை மழை, கரும்புள்ளி நோய், மண்ணில் தேங்கும் ஈரம். ரோஜாவுக்குத் தண்ணீர் வேண்டும், காலடியில் நிற்கக்கூடாது. சரிவு நிலம் அந்த வகையில் பெரிய உதவி.

இவற்றையெல்லாம்விட என்னை மயக்குவது மண்ணையொட்டி இருக்கும் ஒரு சிறு வீக்கம்.

நர்சரியில் நாம் வாங்கும் ரோஜா பெரும்பாலும் ஒரு செடியே அல்ல, இரண்டு செடி. அழகாகப் பூக்கும் ரகங்கள் பலவற்றுக்குச் சொந்த வேர் நோஞ்சான். அதனால் முரட்டு ரோஜா ஒன்றின் குச்சியை நட்டு வேர்விட வைப்பார்கள். அதன் பட்டையில் ஆங்கில 'டி' எழுத்து வடிவில் கீறி, நல்ல ரகத்திலிருந்து ஒரே ஒரு கண்ணைச் சீவி எடுத்து உள்ளே செருகி, பாலித்தீன் நாடாவால் சுற்றிவிடுவார்கள். சில வாரங்களில் கண் பிடித்துக்கொள்ளும். அந்த ஒட்டுதான் நான் சொன்ன வீக்கம். அது துளிர்த்ததும் மேலே இருக்கும் முரட்டுக் கிளையை வெட்டிவிடுவார்கள். ஒரு குச்சியில் எத்தனை கண்ணோ அத்தனை செடி!

எங்கள் தெருவில் வீட்டோடு மாப்பிள்ளையாக ஒருவர் இருந்தார். மடிப்புக் கலையாத சட்டையோடு வாசலில் நின்று ஊரை வரவேற்பார். வீடும் வயலும் உழைப்பும் மாமனாருடையவை. ஒட்டு ரோஜாவின் பூவைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அவர் நினைவுதான் வரும்.

ஆனால் வேராக நிற்கும் இந்த மாமனார் சும்மா இருப்பவர் அல்ல. ஒட்டுக்குக் கீழே எங்கிருந்தாவது தன் சொந்தத் தளிரை நீட்டுவார். அது கிடுகிடுவென வளரும். வேர் அதனுடையது அல்லவா, சாப்பாடு முதலில் அதற்குத்தான். மேலே உள்ள ரகம் மெலிந்து, ஒருநாள் காய்ந்தேபோகும். மஞ்சள் ரோஜா வாங்கி வைத்தேன், இப்போது கொத்துக் கொத்தாகச் சின்ன வெள்ளைப்பூ பூக்கிறதே, நிறம் மாறிவிட்டதா என்று கேட்பவர்கள் உண்டு. மாறவில்லை, வாங்கிய செடி செத்துவிட்டது. அமெரிக்காவில் இப்படியே 'டாக்டர் ஹியூயி' என்ற ரோஜா பரவியது. ஜார்ஜ் தாமஸ் என்பவர் உருவாக்கி 1920இல் வெளிவந்த கருஞ்சிவப்புக் கொடி ரோஜா அது. பிறகு அதை வேர்ச்செடியாக்கினார்கள். மேலே வைத்த ரகம் மடிந்த தோட்டங்கள் பலவற்றில் இன்று அதுதான் பூக்கிறது, யாரும் கேட்டு வாங்காமலே.

வேர்ச்செடியின் தளிரைக் கண்டுபிடிக்கப் பழகிய கண் வேண்டும். ஏழு சிற்றிலை இருந்தால் காட்டுத்தளிர் என்பார்கள். நம்பாதீர்கள், நல்ல ரகங்களிலும் ஏழு வருவதுண்டு. தளிர் எங்கிருந்து புறப்படுகிறது என்று குனிந்து பார்ப்பது ஒன்றே வழி. நம் ஊர்ப் பூங்காக்கள் பலவற்றில் குனிந்து பார்க்கத்தான் ஆள் இல்லை. ஒப்பந்தத்துக்கு விட்ட பராமரிப்பில், இயந்திரக் கத்தரியால் எல்லாவற்றையும் உருண்டையாக வெட்டுகிறார்கள். காட்டுத்தளிருக்கு உரமும் தண்ணீரும் தவறாமல் போகின்றன. நாலைந்து வருஷத்தில் பாத்தி முழுக்க முள்ளாகிவிடும். இந்த மண்ணுக்கு ரோஜா வராது என்று தீர்ப்பு எழுதி, அங்கே டைல்ஸ் பதித்து நீரூற்று வைத்துவிடுகிறார்கள். வராதது ரோஜா அல்ல, தோட்டக்கலை தெரிந்தவர். அந்தப் பெண்ணைப் படிக்க விடுங்கள் அம்மா.

வீட்டில் ரோஜா வைத்திருப்பவர்கள் இன்றே தொட்டியருகில் உட்கார்ந்து பாருங்கள். வீக்கத்துக்குக் கீழிருந்து தளிர் வந்திருந்தால் மண் மட்டத்தில் கத்தரிக்காதீர்கள். வெட்டிய இடத்தில் இரண்டு மூன்றாகக் கிளைத்து வரும். மண்ணைக் கிளறி, அது வேரோடு சேரும் இடம்வரை போய், அடியோடு பிய்த்து எடுங்கள்.