பழைய காரையே ஹைபிரிட் ஆக்கிய 'ரெவோலோ'

திருத்தங்கலில் இருந்து சிவகாசிக்குக் காரில் போகும் நாம், நெரிசலில் நின்று நின்றே எவ்வளவு பெட்ரோலை வீணாக்குகிறோம்! 2008-ல் இந்தியாவுக்கு வந்த ஹோண்டா சிவிக் ஹைபிரிட்டின் விலையோ அப்போது 20 லட்சத்துக்கும் மேல் இருந்தது. நம்மைப் போன்ற குடும்பங்களுக்கு எட்டாத தொகை.

இதற்கு மாற்றாக 2010-ல் புனேயின் கேபிஐடி நிறுவனம், பாரத் ஃபோர்ஜுடன் சேர்ந்து 'ரெவோலோ'வை அறிவித்தது. ஓடுகிற காரின் எஞ்சினோடு பெல்ட் மூலம் மின்மோட்டாரை இணைத்து, டிக்கியில் பேட்டரி வைப்பார்கள். கிளம்பும்போது மோட்டார் கைகொடுக்கும். பிரேக் பிடிக்கையில் வீணாகும் ஆற்றல் பேட்டரிக்குத் திரும்பும்.

அந்த முயற்சி நம் வீட்டு வாசல் வரை வரவில்லை. ஆனாலும் வீண்விரயத்தை மார்க்கம் தடுத்திருக்கிறது. வண்டி நிற்கும்போது எஞ்சினை அணைப்பது இன்றே நம்மால் முடியும்.