நகை என்னும் படைக்கலம்

வியன்னா நகரின் உளமருத்துவர் விக்டர் பிராங்கல். யூதர் என்பதால் 1942இல் நாஜிக்களால் சிறைப்பிடிக்கப்பட்ட அவர், ஏறத்தாழ இரண்டரை ஆண்டுகள் முகாம்களில் வதையுற்றார். அங்கு வழங்கப்பட்ட சூப்பில் மேலே நிற்பது வெறும் நீர். பட்டாணி கலத்தின் அடியில் தங்கியிருக்கும். அடியிலிருந்து ஒரு கரண்டி கிடைப்பதே பெரும்பேறு.

கட்டட வேலையில் உடனுழைத்த அறுவை மருத்துவரான நண்பருடன் பிராங்கல் ஓர் உடன்பாடு செய்துகொண்டார். விடுதலைக்குப்பின் நிகழக்கூடிய வேடிக்கை ஒன்றை நாள்தோறும் புனைந்துரைக்க வேண்டும் என்பதே அது. பின்னாளில் ஒரு விருந்தில் தம்மை மறந்து, சூப்பை அடியிலிருந்து ஊற்றுமாறு விருந்தளிப்பவரிடம் கெஞ்சுவதாக ஒரு கற்பனை எழுந்தது.

அந்நகை பசியைத் தணிக்கவில்லை; காவலரின் கொடுமையையும் குறைக்கவில்லை. ஆயினும், அவ்வாறு புனைவதற்கு விடுதலை நாள் ஒன்று வரும் என எண்ணியாக வேண்டும். தம் அவலத்தைச் சற்றே விலகி நின்று காணவும் வேண்டும். அவ்வாறு காணும் சில நொடிகளேனும் உள்ளம் சிறைப்படாதிருந்தது. 1945இல் விடுதலை பெற்ற பிராங்கல், மறு ஆண்டு வெளியிட்ட நூலில், உள்ளம் தன்னைக் காத்துக்கொள்ளப் போராடும் படைக்கலங்களுள் ஒன்றாக நகைச்சுவையைக் குறிப்பிட்டார்.