வழக்கைத் திரும்பப் பெறுமுன் அறிய வேண்டியவை

துணி விற்ற பாக்கிக்காகவோ நில உரிமைக்காகவோ நீதிமன்றம் செல்லும் அங்கத்தினர்களில் சிலர், வழக்கில் குறை இருப்பதைப் பிற்பாடு காண்கின்றனர். "இப்போது வாபஸ் பெறுவோம், பிறகு செம்மையாகத் தொடுப்போம்" என்று எண்ணுகின்றனர். அதற்குச் சட்டம் இடமளிக்கிறது. ஆயினும் அதன் நிபந்தனைகளை அறியாதவர் உரிமையையே இழக்க நேரும். ஆகவே அவற்றை இங்கே விளக்குகிறோம்.

1908-ஆம் ஆண்டுச் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆவது கட்டளை, 1-ஆவது விதி இதனைக் கூறுகிறது. வாதி பொதுவாகத் தம் வழக்கைத் தாமே கைவிடலாம். ஆனால் அனுமதியின்றிக் கைவிட்டால், நீதிமன்றம் விதிக்கும் செலவுத் தொகைக்குப் பொறுப்பாவதோடு, அதே விஷயம் பற்றி மறுபடியும் வழக்கிட முடியாது. மீண்டும் வழக்கிட விரும்புவோர் திரும்பப் பெறும்போதே அதற்கு அனுமதி பெறுதல் வேண்டும். பலர் வாதிகளாக உள்ள வழக்கில், மற்றவர் சம்மதமின்றி ஒருவர் மட்டும் விலக நீதிமன்றம் அனுமதிக்க இயலாது.

அனுமதி எப்போது கிடைக்கும்? முறை சார்ந்த குறையால் வழக்குத் தோற்றே தீரும் என்றோ, வேறு போதிய காரணம் உண்டென்றோ நீதிமன்றம் கருதினால் கிடைக்கும். உதாரணமாக, அரசின் மீது வழக்கிடுமுன் 80-ஆவது பிரிவின்படி இரண்டு மாத அறிவிப்புக் கொடுக்க வேண்டும். அவசர நிவாரணத்துக்கென நீதிமன்ற அனுமதி பெறாமலும், அவ்வறிவிப்பைக் கொடுக்காமலும் தொடுத்த வழக்கு முறைக்குறை உடையதாகும். சாட்சியம் போதவில்லை என்பது அத்தகைய குறையன்று. பூபதி எதிர் கோகிலா வழக்கில், இரண்டாம் அப்பீல் நிலையில் சென்னை உயர் நீதிமன்றம் அளித்த அனுமதியை 2000-இல் உச்ச நீதிமன்றம் ரத்துச் செய்தது. அனுமதியை எளிதில் வழங்கலாகாது என்பதே அத்தீர்ப்பின் கருத்து. சிறு பிழையாயின், 6-ஆவது கட்டளை, 17-ஆவது விதியின்படி வழக்குரையைத் திருத்தக் கோருவதே நலம்.

அனுமதி பெற்றவரும் காலவரம்பை மறத்தலாகாது. முதல் வழக்கு தொடுக்கப்படவே இல்லை என்பதுபோல் நாள் கணக்கிடப்படும் என்கிறது 2-ஆவது விதி. தவணை குறிக்காமல் விற்ற துணியின் விலையைக் கோர, சரக்கைக் கொடுத்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகளே உண்டு. 2022 ஜூன் 10-இல் சரக்குக் கொடுத்த நெசவாளர் 2023-இல் வழக்கிட்டு, 2025 ஆகஸ்டில் அனுமதியுடன் திரும்பப் பெற்றார் என்று கொள்வோம். இடையில் வியாபாரி பணமும் செலுத்தவில்லை, கடனை ஒப்புக்கொண்டு எழுத்தும் தரவில்லையெனில், புது வழக்குக் காலங்கடந்ததாகும். கையில் அனுமதி இருந்தும் பயனில்லை. நீதிமன்றத்துக்கு அதிகாரமின்மை போன்ற குறைக்காக அனுமதி பெற்றவர், நல்லெண்ணத்துடன் ஊக்கமாக வழக்கை நடத்தியிருந்தால், 1963-ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின் 14-ஆவது பிரிவின்படி அக்காலத்தைக் கழித்துக்கொள்ளலாம்.

உயர் நீதிமன்ற ரிட் மனுவுக்கும் இக்கொள்கை உண்டு. அனுமதியின்றித் திரும்பப் பெற்றவர் அதே காரணத்துக்காக அங்கே மறுபடி ரிட் மனு போட இயலாதென்று, சர்குஜா போக்குவரத்து வழக்கில் உச்ச நீதிமன்றம் 1986-இல் தீர்ப்பளித்தது.

ஆதலின் அங்கத்தினர்கள் வாபஸ் மனுவில் கையொப்பமிடுமுன், மீண்டும் தொடுக்க அனுமதி அதில் கோரப்பட்டுள்ளதா என்றும், காலவரம்பு என்று முடிகிறது என்றும் தம் வக்கீலிடம் கேட்டறிதல் வேண்டும். பின்னர் உத்தரவின் நகலைப் பெற்று, அனுமதி எழுதப்பட்டுள்ளதையும் அதற்கு விதித்த நிபந்தனைகளையும் படித்துப் பார்த்துக்கொள்ளுமாறு கேட்டுக்கொள்கிறோம்.