கைகாட்டிப் பயணம்

பயணச்சீட்டு இல்லாத பயணம் ஒன்றுண்டு. வீதியோரம் நின்று கைகாட்டி, வருகின்ற வாகனத்தில் இடங்கேட்டுச் செல்வதே அது. மேனாட்டு இளைஞர் இதனை ஒரு கலையாகவே வளர்த்துள்ளனர். நமக்கும் இது புதிதன்று. மாட்டுவண்டிலில் வழிப்போக்கனை ஏற்றிக்கொண்ட மரபு நம்முடையது. 1344ஆம் ஆண்டு இலங்கை வந்த இப்னு பதூதாவுக்கு ஆரியச் சக்கரவர்த்தி பல்லக்கும் வழித்துணையும் நல்கி, பாவா ஆதம் மலைக்கு அனுப்பிவைத்தான். ஸக்காத்துக்கு உரிய எண்வகையினருள் வழிப்போக்கனும் ஒருவன்.

எங்கள் கல்முனைக்குடியிலிருந்து தெற்கே செல்லும் வீதியை எண்ணிப் பாருங்கள். சாய்ந்தமருது முஸ்லிம் ஊர். காரைதீவு தமிழ் ஊர். நிந்தவூர் மீண்டும் முஸ்லிம் ஊர். வடக்கே பாண்டிருப்பு, மருதமுனை, பெரியநீலாவணை என அதே பின்னல். எனவே, யாரை ஏற்றுவது, யாருடன் ஏறுவது என்பது இங்கு வெறும் பயண வினாவன்று. போர்க்காலத்தில் அறியாதவரை ஏற்ற வண்டிக்காரர் அஞ்சினர். அறியாத வண்டியில் ஏற வழிப்போக்கர் அஞ்சினர். 2009இல் போர் முடிந்த பின்னும் அவ்வச்சம் ஒரே நாளில் அகன்றுவிடவில்லை.

2022இல் எரிபொருள் பஞ்சம் வந்தது. அந்நாட்களில் நான் பலமுறை இவ்வீதியில் கைகாட்டி நின்றேன். ஒருநாள் காரைதீவுப் பெரியவர் ஒருவர் மோட்டார் சைக்கிளை நிறுத்தி, "ஏறுங்க தம்பி" என்றார். நிந்தவூரில் தம்மோடு வயல் செய்த காக்கா ஒருவரைப் பற்றியே வழிநெடுகப் பேசினார். கலவர காலத்தில் விட்டுப்போன உறவாம். இறங்கும்போது நான் நீட்டிய காசை வாங்க மறுத்தார். பெற்றோலுக்காக இரவெல்லாம் வரிசையில் காத்துக் கிடந்தவர் அவர்!

இடர்களை மறைத்தல் தகாது. ஓட்டுபவர் உறக்கக் கலக்கத்திலிருக்கலாம், மது அருந்தியிருக்கலாம், தீய எண்ணங் கொண்டவராகவும் இருக்கலாம். பெண்களுக்கு இவ்விடர் பன்மடங்கு. பொத்துவிலைக் கடந்து லாகுகலைக் காட்டுவழியில் பாதியில் இறங்கினால், மாலையில் யானையும் எதிர்ப்படும். ஆகையால் பகலிலே செல்லுங்கள், வீட்டாருக்குச் சொல்லிச் செல்லுங்கள், தலைக்கவசமின்றி ஏறாதீர்கள், மனம் ஒப்பாத வண்டியை நன்றி கூறி அனுப்பிவிடுங்கள்.

இத்தனை எச்சரிக்கைக்குப் பின்னும் இப்பயணத்தை நான் போற்றுவதற்குக் காரணம் ஒன்றே. பஸ்ஸில் அருகருகே அமர்ந்தும் பேசாமல் இறங்கிவிடுகிறோம். இங்கோ நிறுத்தியவரும் ஏறியவரும் ஒருவரையொருவர் நம்பியே ஆகவேண்டும். ஊருக்கு ஊர் ஐயம் விளைந்த இக்கரையோரத்தில், அந்த நம்பிக்கை இரண்டு மைல் நீடித்தாலும் பெரும்பேறே.