கூலிங் கிளாஸோடு வந்த கொலைகாரன்

சத்தம் போடாம என் பின்னாலேயே வாங்க. வருஷம் 1958. ஊர், போலந்தின் வ்ரோட்ஸ்வாவ். ஆந்த்ரே வாய்தா ‘சாம்பலும் வைரமும்’ படத்தை எடுத்துக்கொண்டிருக்கிறார். கற்பனையில் ஒரு பாஸ் தயாரித்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நாமும் உள்ளே நுழைந்தாச்சு! காலடியில் கேபிள், பார்த்து!

முதலில் காஸ்ட்யூம் அறை. உள்ளே ஒரே பஞ்சாயத்து! கதை நடப்பது 1945 மே மாதம், போர் முடிகிற நேரம். ஹீரோ மாச்செக், கம்யூனிஸ்ட் தலைவர் ஒருவரைச் சுட வந்திருக்கும் தலைமறைவுப் போராளி. அந்தக் காலத்து உடுப்பெல்லாம் தயார். ஆனால் முப்பது வயது ஸ்பிக்னியேவ் சிபுல்ஸ்கி, “இதைப் போட்டால் எனக்கு நடிப்பே வராது” என்கிற மாதிரி முரண்டு பிடிக்கிறார். அவருக்குத் தன் சொந்த ஜாக்கெட், ஜீன்ஸ், கறுப்புக் கண்ணாடிதான் வேண்டுமாம். 1945 கதைக்குள் 1958 இளைஞன்! வாய்தா யோசித்தார், தலையாட்டிவிட்டார்.

கண்ணாடி பந்தாவுக்கு என்றா நினைத்தீர்கள்? மனிதருக்குக் கிட்டப்பார்வை! மாச்செக்குக்கும் கதையில் ஒரு காரணம் கிடைத்துவிட்டது: ஜெர்மானியருக்கு எதிரான வார்சா எழுச்சியின்போது பாதாளச் சாக்கடைக்குள் ரொம்ப நேரம் கிடந்தவனாம்.

அடுத்து ஹோட்டல் பார். விளக்குச் சூட்டில் நமக்கே வேர்க்கிறது. மாச்செக்கும் கதையில் அவன் தோழனான ஆந்த்ரேயும் செத்துப்போன நண்பர்களை நினைத்துக்கொள்ளும் காட்சி. மதுக் கோப்பைகளை வரிசையாக வைத்து, ஆளுக்கொன்றாக நெருப்புப் பற்றவைக்கலாமே என்று யோசனை சொன்னவர் உதவியாளர் யானுஷ் மோர்கன்ஸ்டெர்ன். குப்பென்று நீலச் சுடர். கல்லறையில் ஏற்றும் மெழுகுவத்தி பாரில் எரிகிறது!

அந்தப் பக்கம் என்ன கூத்து? விருந்து மேஜைமேல் ஒரு குடிகாரன் ஏறி, தீயணைப்புக் கருவியால் பெரிய மனிதர்கள்மீது நுரையைப் பீய்ச்சுகிறான். நடிப்பவர் போகுமில் கொபியேலா, சிபுல்ஸ்கியின் உயிர் நண்பர். கிராகோவ் நாடகப் பள்ளியில் சேர்ந்து படித்து, க்டான்ஸ்க்கில் ‘பிம்-பொம்’ மாணவர் நாடகக் குழுவில் சேர்ந்து கலாட்டா செய்த ஜோடி. அங்கே வசனம் கொஞ்சம், உடம்புதான் பேசும்.

அந்தப் பாடம் எங்கே கைகொடுக்கிறது என்று பார்க்க குப்பைமேட்டுக்கு வாங்க. மூக்கைப் பொத்திக்கலாம், கண்ணை மூடாதீங்க. சுடப்பட்ட மாச்செக் சாகும் கடைசிக் காட்சி. பெரிய வசனம் இல்லை, வீர மரணமும் இல்லை. உடம்பைச் சுருட்டிக்கொண்டு, கரையில் போட்ட மீனாகத் துடிக்கிறார் சிபுல்ஸ்கி. தேசத் துரோகிக்குக் குப்பைமேடுதான் கதி என்று கம்யூனிஸ்ட் அரசின் அதிகாரிகள் திருப்திப்படலாம். தியேட்டரில் இருப்பவனோ அவனுக்காகத்தான் அழுவான். ஒரே ஷாட்டில் இரண்டு தரப்பையும் சமாளித்துவிட்டார்கள், கில்லாடிகள்!

படம் அக்டோபர் 1958-இல் வந்தது. மறு வருஷம் வெனிஸ் விழாவில் சர்வதேச விமர்சகர் பரிசு. சிபுல்ஸ்கிக்கு ‘போலந்தின் ஜேம்ஸ் டீன்’ என்று பட்டம். காஸ்ட்யூம் அறையில் அன்று அடம்பிடித்துப் போட்டுக்கொண்ட அதே கண்ணாடி, இளவட்டங்களின் மோகம்!

1967 ஜனவரி 8 அன்று, இதே ஊர் ரயில் நிலையத்தில், ஓடும் ரயிலில் தாவி ஏறப்போய் முப்பத்தொன்பது வயதில் அவர் இறந்துபோவார். அந்தப் பக்கம் இன்று நாம் போக வேண்டாம்.

1959-க்குப் போவோம். க்டான்ஸ்க் வீப்ஷெஷே தியேட்டரில் வாய்தா முதன்முறையாக மேடை நாடகம் இயக்குகிறார். பெயர் ‘தொப்பி நிறைய மழை’. ஹீரோ யார் என்று கேட்கணுமா என்ன? பாஸை இன்னும் கழற்றாதீங்க, ஒத்திகை தொடங்கப்போகுது!