குறுக்கிய இணைய விலாசங்களை ஆராய்ந்து திறத்தல்

காரைக்காலைச் சார்ந்த தலத்தெரு முதலிய ஊர்களில், விவசாயிகளுக்குரிய அறிவிப்புகள் இக்காலத்தில் பெரும்பாலும் கைப்பேசி மூலமாகவே வந்து சேருகின்றன. 2019-ஆம் ஆண்டில் தொடங்கிய பி.எம். கிசான் திட்டத்தின்கீழ், தகுதியுடைய விவசாயக் குடும்பங்களுக்கு ஆண்டொன்றுக்கு 6,000 ரூபாய் மூன்று தவணைகளாக வங்கிக் கணக்கிற் செலுத்தப்படுகிறது. இத்திட்டத்தின் பெயரால் போலி விலாசங்களும் நாட்டின் பல பாகங்களிலும் பரவியுள்ளன. "தவணை நின்றுவிட்டது, உடனே தொடுக" என்னும் செய்தியின் கீழுள்ள குறுகிய விலாசத்தைத் தொடுமுன், அது எவ்விடம் கொண்டுசெல்லும் என்பதை அறிதல் அவசியம்.

நீண்ட விலாசங்களைச் சுருக்கித் தரும் வழக்கம், 2002-இல் டைனியூஆர்எல் என்னும் சேவை தோன்றிய பின் பரவலாயிற்று. குறுகிய விலாசத்தைத் தொட்டவுடன் கைப்பேசி முதலில் அச்சேவையின் கணினியை அடைகிறது. அக்கணினி அதனை உண்மையான தளத்திற்குத் திருப்பிவிடுகிறது. தலைமடையை மட்டும் பார்த்து நீர் எவ்வயலிற் பாயுமென்று சொல்லவியலாதது போல, குறுகிய விலாசத்தைக் கொண்டு சேருமிடத்தை அறிய முடியாது.

அறியும் வழி பின்வருமாறு. விலாசத்தைத் தொடாமல், அழுத்திப் பிடித்துப் பிரதி எடுத்துக்கொள்ளவேண்டும். பிட்லி விலாசமாயின், அதனை உலாவியின் விலாசக் கட்டத்தில் இட்டு, இறுதியில் ஒரு கூட்டற்குறி சேர்த்தால், தளம் திறவாமலே முழு விலாசம் தெரியவரும்.

அவ்வாறு தெரிந்த விலாசத்தில், தொடக்கத்து இரட்டைச் சாய்கோட்டிற்குப் பின் முதல் ஒற்றைச் சாய்கோடு வரையுள்ள பெயரின் முடிவைக் கவனிக்கவேண்டும். பி.எம். கிசான் தளத்தின் பெயர் 'ஜிஓவி.இன்' என்று முடியும். 'ஜிஓவி' என்பது இடையில் வந்து முடிவு வேறாயிருப்பின், அது அரசாங்கத் தளமன்று. பூட்டுச் சின்னம் போலித் தளங்களிலும் காணப்படுமாதலால், அதனை மட்டும் நம்பலாகாது.

சந்தேகம் தீராவிடில், விலாசத்தை விட்டொழித்து, அரசாங்கத் தளத்தின் பெயரைத் தாமே எழுதித் திறப்பதே உத்தமம். செய்தியில் வரும் செயலியை நிறுவுதலும், ஓ.டி.பி. எண்ணை அளித்தலும் பெருநஷ்டம் விளைக்கும். பணம் பறிபோயின் தாமதமின்றி 1930 என்னும் எண்ணுக்கும் வங்கிக்கும் தெரிவிக்கவேண்டும்.

கிராம அதிகாரிகள் தங்கள் அறிவிப்புகளில் முழு விலாசத்தையே எழுதி, ஆராயாத குறுகிய விலாசங்களைப் பிறருக்கு அனுப்பாதிருப்பின், ஊரார் உண்மையையும் போலியையும் எளிதிற் பிரித்தறிவர்.